குலா மலாக்கா பூசிய கிறிஸ்துமஸ் ஹாம்

டிசம்பர் 22ஆம் தேதி காலையில் எங்கள் குளிர்பதனப் பெட்டியின் கீழ்த்தட்டைக் காலி செய்துவிடுவேன். அங்கிருக்கும் கீரைக்கட்டுகளும் தோசை மாவும் மேல்தட்டுகளுக்கு ஏறிவிடும். அந்த இடத்தில் மூன்றரைக் கிலோ எடையுள்ள, எலும்போடு கூடிய ஹாம் ஒன்று ஆழமான தட்டின் மேல், உறைந்த நிலையிலேயே போய் உட்காரும். அவ்வளவு பெரிய இறைச்சியின் நடுப்பகுதிவரை உறைபனி கரைவதற்குக் குளிர்பதனப் பெட்டிக்குள் ஏறக்குறைய இரண்டு நாள் ஆகும். சிங்கப்பூரின் வெப்பத்தில் அதைச் சமையலறை மேடையில் வைத்துக் கரைய விட்டால், உள்ளே இன்னும் கட்டியாக இருக்கும்போதே வெளிப்புறம் கெடத் தொடங்கிவிடும் என்பதால், அந்த இரண்டு நாளைக் குறைப்பதற்கு வழியில்லை. கிறிஸ்துமஸ் மதிய விருந்துக்கு ஹாம் சுடும் முறையை எழுதித் தரும்படி அக்கா பிள்ளைகள் கேட்டுக்கொண்டே இருக்கிறார்கள். அவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். ஆகவே கீழ்த்தட்டிலிருந்தே தொடங்குகிறேன்.

ஹாம் என்பது பன்றியின் பின்னந்தொடை. உப்பும் சர்க்கரையும் சிறிதளவு சோடியம் நைட்ரைட்டும் கரைந்த நீரில் அதை ஊறவைத்தோ, அந்த நீரை ஊசிகளால் உள்ளே செலுத்தியோ பதப்படுத்துகிறார்கள். பெரும்பாலும் அதன் பிறகு புகையூட்டுகிறார்கள். நம்முடைய உப்புக்கண்டமும் இதே அறிவில் பிறந்ததுதான். நம் முன்னோர் வெயிலை நம்பி இறைச்சியைக் கீற்றுகளாக அறுத்துக் காயவைத்தார்கள். வட ஐரோப்பியர்கள் குளிரை நம்பி முழுத்தொடையையும் உப்பில் கிடத்தினார்கள். பனிக்காலம் முழுவதும் தீவனம் போட்டுக் கட்டுப்படியாகாது என்பதால் இலையுதிர் காலத்திலேயே பன்றியை அறுத்துவிடுவது அவர்கள் வழக்கம்; அப்போது உப்பிட்ட தொடை கிறிஸ்துமஸ் வரும் வேளையில் உண்பதற்குப் பதமாகியிருக்கும். நைட்ரைட் தசைக்குச் சிவப்பு நிறம் தரும் மயோகுளோபின் என்ற புரதத்தோடு சேர்வதால்தான் ஹாம் வெந்த பிறகும் இளஞ்சிவப்பாகவே இருக்கிறது. சாதாரணப் பன்றித் தொடையை வேகவைத்தால் அது சாம்பல் கலந்த வெண்மையாகிவிடும். என் நாத்தனார் முதன்முதலாக எங்கள் மேசையில் ஹாமைப் பார்த்தபோது, "இது வேகவே இல்லையே அண்ணி" என்று தயங்கித் தட்டை நகர்த்தினார். அவர் கேட்டது நியாயமான கேள்வி. ஹாமின் நிறத்தைப் பார்த்து அது வெந்ததா இல்லையா என்று யாராலும் சொல்ல முடியாது. அதற்கு இறைச்சியில் குத்திப் பார்க்கும் வெப்பமானி ஒன்று வேண்டும்.

இந்த உணவு எங்கள் குடும்பத்துக்கு வந்த வழி தாத்தாவுடையது. அம்மாவைப் பெற்ற அவர், செம்பவாங் கடற்படைத் தளத்தில் பிரிட்டிஷ் அதிகாரி ஒருவரின் வீட்டில் சமையல்காரராக இருந்தார். 1971இல் பிரிட்டிஷ் படைகள் சிங்கப்பூரை விட்டுப் புறப்படும்வரை அந்த அடுப்பங்கரையே அவருக்கு உலகம். பனிக்காலமே இல்லாத இந்தத் தீவில் ஹாம் எப்படிக் கிடைத்தது என்று சிறுவயதில் நான் வியந்ததுண்டு. 1903இல் இங்கே தொடங்கிய கோல்டு ஸ்டோரேஜ் நிறுவனம் ஆஸ்திரேலியாவிலிருந்து உறைந்த இறைச்சியைக் கப்பலில் வரவழைத்தது என்று பிற்பாடு அறிந்தபோது, அந்த வியப்பு தீர்ந்தது. அதிகாரி வீட்டு விருந்து முடிந்ததும் எலும்பும், அதில் ஒட்டியிருந்த இறைச்சியும் தாத்தாவுக்கு. அவர் அதைச் செய்தித்தாளில் சுற்றிச் சைக்கிளில் கொண்டுவருவார். பாட்டி அதை என்ன செய்வார் என்பதைக் கடைசியில் சொல்கிறேன்.

கடைக்குப் போனால் உறையில் ஒட்டியிருக்கும் விவரச் சிட்டையை முழுவதும் படியுங்கள் என்று நான் வற்புறுத்துவதற்குக் காரணம் உண்டு. சில ஆண்டுகளுக்கு முன் இணையத்தில் இறைச்சி விற்கும் ஒருவரிடம் ஹாம் வாங்கினேன். டிசம்பர் 24 காலையில் உறையைப் பிரித்தபோதுதான், சிட்டையின் அடியில் சிறிய எழுத்தில் 'வேகவைக்காதது' என்று இருந்ததைப் பார்த்தேன். பதப்படுத்தியும் வேகவைக்காமல் விற்கப்படும் இந்தத் தொடையைப் பிரிட்டனில் கேமன் என்கிறார்கள். விற்றவர் தொலைபேசியை எடுக்கவில்லை. விருந்துக்குப் பதினான்கு பேர் வருவதாக இருந்தது. அடுத்த அறையிலிருந்து வந்த அம்மா அதை ஒருமுறை அழுத்திப் பார்த்துவிட்டு, "பதறாதேம்மா. உன் தாத்தா கைக்கு வந்ததெல்லாம் இந்த மாதிரிப் பச்சைத் தொடைதான். முதலில் ஒரு கொதி விட்டு அந்தத் தண்ணீரைக் கொட்டிவிடு" என்றார்.

அன்று அம்மா சொல்லச் சொல்ல நான் செய்தேன். பிரியாணி அண்டாவில் தொடையை வைத்து, அது மூழ்கும்வரை பச்சைத் தண்ணீர் ஊற்றிக் கொதி வந்ததும் கொட்டினோம். முந்தின இரவே தெரிந்திருந்தால் குளிர்பதனப் பெட்டியில் நீரில் ஊறவைத்திருக்கலாம், கூடுதல் உப்பு அதில் இறங்கியிருக்கும். பிறகு புதுத் தண்ணீரில் கிராம்பு குத்திய வெங்காயம், மிளகு, ஒரு துண்டுப் பட்டை ஆகியவற்றைப் போட்டு, தளதளவென்று கொதிக்காமல் ஓரத்தில் மட்டும் குமிழி எழும் அளவுக்குத் தீயைக் குறைத்து, கிலோவுக்கு 45 நிமிடம் என்ற கணக்கில் வேகவைத்தோம். வேகாத தொடை நடுவில் 63 டிகிரி செல்சியஸை எட்டி, மேலும் மூன்று நிமிடமாவது ஆற வேண்டும். நாங்கள் 68 வரை விட்டோம். அதன் பிறகு தோலை உரித்து, பூச்சு பூசி ஓவனில் வைத்தபோது எஞ்சியது அரைமணி நேர வேலை மட்டுமே. நேர்மையாகச் சொன்னால், முன்பே வெந்து வரும் ஹாமைவிட அதன் சுவை ஆழமாக இருந்தது. இறைச்சி இறுகலாக, மெல்ல மெல்லச் சுவை கூடுவதாக இருந்தது. ஆனாலும் வேலைக்குப் போய்வரும் நான் ஒவ்வோர் ஆண்டும் அதைச் செய்ய முடியாது. முழுமையாக வெந்தது என்று எழுதியிருக்கும் ஹாமையே இப்போது வாங்குகிறேன். அக்கா பிள்ளைகளுக்கும் அதையே சொல்வேன்.

வாங்கும்போது எலும்போடு வாங்குங்கள். எலும்பில்லாத ஹாம் பெரும்பாலும் பல துண்டுகளை அழுத்திச் சேர்த்து உருட்டியதாக இருக்கும். வெட்டுவதற்கு எளிது, ஆனால் இறைச்சியின் இழை நாவில் தெரியாது. முன்கூட்டியே மெல்லிய துண்டுகளாகச் சுற்றி அறுத்து விற்கும் ஹாம் எனக்கு உடன்பாடில்லை, ஏனெனில் ஒவ்வொரு கீறல் வழியாகவும் ஈரம் வெளியேறி, சூடேறும்போது விளிம்புகள் காய்ந்துபோகின்றன. முழுத்தொடை ஏழெட்டுக் கிலோ வரும். அது எந்த வீவக (அரசு அடுக்குமாடி) வீட்டுச் சமையலறைக்கும் பெரிது. பாதித் தொடையில் கணுக்கால் பக்கத்துப் பாதியைக் கேட்டு வாங்கினால் உள்ளே ஒரு நீண்ட எலும்புதான் இருக்கும், கத்தி தடுமாறாது. எலும்போடு கணக்கிட்டால் ஒருவருக்கு ஏறத்தாழ 300 கிராம். எங்களுடையது மேசைமேல் வைக்கும் சிறிய ஓவன் என்பதால், கடைக்குப் போகும் முன் அதன் உள் உயரத்தை அளவுகோலால் அளந்து எழுதிக்கொண்டு போவேன். ஹாமின் முதுகுக்கும் மேலே இருக்கும் சூட்டுக் கம்பிக்கும் இடையே நான்கு விரல் இடைவெளி இல்லாவிட்டால் எவ்வளவு கவனமாக இருந்தாலும் மேற்புறம் கருகும்.

இனி அடுப்பு வேலை. இதில் நான் மாற்றிக்கொள்ள வேண்டியிருந்தது என் எண்ணத்தை. குழம்புக்குப் பழகிய நமக்கு, இறைச்சி என்றால் அதை வேகவைக்க வேண்டும், மசாலா உள்ளே இறங்க வேண்டும் என்ற நினைப்பு ஊறியிருக்கிறது. ஹாமோ வெந்து, உப்பேறி, புகையேறி முடிந்த பொருள். அதன் ஈரம் போகாமல் நடுவரை சூடேற்றுவதும், மேலே நல்லதொரு பூச்சைப் பிடிக்கவைப்பதும் மட்டுமே நம் பொறுப்பு. ஆகவே தீ குறைவாக, மூடி இறுக்கமாக, நேரம் தாராளமாக இருக்க வேண்டும். கிறிஸ்துமஸ் காலை ஆராதனை முடிந்து வீடு திரும்பியதும் ஓவனை 160 டிகிரிக்குச் சூடாக்குவேன். வெட்டுப்பக்கம் கீழே இருக்குமாறு ஹாமைத் தட்டில் நிறுத்தி, அடியில் ஒரு கோப்பை அன்னாசிச் சாறோ தண்ணீரோ ஊற்றி, அலுமினியத் தாளால் தட்டின் விளிம்புவரை இறுக மூடிவிடுவேன். கிலோவுக்கு 40 நிமிடம் என்று வைத்துக்கொண்டால் மூன்றரைக் கிலோவுக்கு இரண்டேகால் மணி நேரத்துக்குச் சற்றுக் கூடுதலாகும். வெப்பமானியை எலும்பில் படாமல் தடித்த பகுதியின் நடுவில் குத்த வேண்டும். எலும்பில் பட்டால் அது காட்டும் எண்ணை நம்ப முடியாது. தொழிற்சாலையில் வெந்து, உறையிட்டு வந்த ஹாம் நடுவில் 60 டிகிரியை எட்டினால் போதும். கடைக்காரர் பிரித்து அறுத்து மறுபடி கட்டிக் கொடுத்ததாக இருந்தால் 74 டிகிரி வரை கொண்டுபோக வேண்டும்.

ஒரு மணி நேரம் கழிந்ததும் வெளியே எடுத்தால் தோல் இளகியிருக்கும். கணுக்கால் ஓரத்தில் கத்தியால் ஒரு வளையம் கீறி, அங்கிருந்து விரல்களை நுழைத்து இழுத்தால் பெரிய துண்டாகவே உரிந்து வரும். ஆனால் அடியிலிருக்கும் வெண்கொழுப்பை அரை சென்டிமீட்டர் கனத்துக்காவது விட்டுவைக்க வேண்டும். அந்தக் கொழுப்பின் மேல் இரண்டு சென்டிமீட்டர் இடைவெளியில் சாய்கோடுகள் கீறி, எதிர்ச்சாய்வில் மறுபடி கீறினால், தீபாவளிக்குப் போடும் டைமண்ட் துண்டுகளைப் போன்ற கட்டங்கள் உருவாகும். கத்தி கொழுப்போடு நின்றுவிட வேண்டும். இறைச்சிக்குள் இறங்கினால் அந்த வழியாகச் சாறு வடிந்து, கட்டங்கள் விரிந்து பிளந்துவிடும். கோடுகள் கூடும் இடந்தோறும் ஒரு கிராம்பு. என் மகள் நான்கு வயதிலிருந்தே இந்த வேலையை வேறு யாருக்கும் விட்டுக்கொடுத்ததில்லை. கிராம்பு என்பது மலராமலே பறித்துக் காயவைத்த மொட்டு என்றும், 1822இல் ராஃபிள்ஸ் ஃபோர்ட் கேனிங் குன்றில் அமைத்த தோட்டத்தில் ஜாதிக்காயோடு கிராம்பையும் பயிரிட்டார்கள் என்றும் ஒருமுறை அவளுக்குச் சொன்னேன். அதிலிருந்து ஒவ்வொரு மொட்டையும் தலைப்பக்கம் மேலே தெரியும்படி மிகுந்த மரியாதையோடு குத்துகிறாள். பரிமாறும் முன் கிராம்புகளைப் பிடுங்கிவிட வேண்டும், ஏனெனில் முழுக் கிராம்பு பல்லில் அகப்பட்டால் நாக்கு மரத்து, அதன் பிறகு ஹாமின் சுவையே தெரியாது.

பூச்சுக்கு ஆங்கிலச் சமையல் முறைகள் பழுப்புச் சர்க்கரையும் தேனும் கேட்கும். நான் பல ஆண்டுகளாகக் குலா மலாக்காவைத்தான் பயன்படுத்துகிறேன். தேக்கா சந்தையில் உருளை உருளையாகக் கிடைக்கும் அது, நம் ஊர்த் தென்னங்கருப்பட்டியின் நெருங்கிய உறவு. தென்னம்பாளையின் பதநீரைக் காய்ச்சி எடுப்பது. அதிலிருக்கும் மெல்லிய புகைமணமும் கரிந்த வாசமும் ஹாமின் புகையோடு இயல்பாகச் சேர்ந்துகொள்கின்றன. வெள்ளைச் சர்க்கரை வெறும் இனிப்பை மட்டுமே தரும். 150 கிராம் குலா மலாக்காவைச் சீவி, 100 மில்லி அன்னாசிச் சாற்றில் சிறு தீயில் கரைத்து, தூசி இருக்கக்கூடும் என்பதால் வடிகட்டிக்கொள்கிறேன். அதோடு மூன்று மேசைக்கரண்டி கடுகு விழுது, கலமான்சி எனும் சிறு எலுமிச்சை வகைப் பழங்கள் நான்கைந்தின் சாறு, கரகரப்பாகப் பொடித்த மிளகு ஒரு தேக்கரண்டி, ஓர் அன்னாசிப்பூ. உப்பும் சோயா சாஸும் ஒரு துளிகூட வேண்டாம். உப்பு முழுவதும் இறைச்சிக்குள்ளேயே இருக்கிறது. கரண்டியின் முதுகில் விரலால் கோடு இழுத்தால் கோடு மூடாமல் நிற்க வேண்டும். அந்தப் பதம் வரும்வரை காய்ச்ச வேண்டும். அதற்கு மேல் காய்ச்சினால் ஆறியதும் கம்மர்கட்டுப் போல இறுகிவிடும், தூரிகையில் ஏறாது. புளிப்பைக் குறைக்காதீர்கள். கலமான்சியும் கடுகும் இல்லாவிட்டால் இரண்டாவது துண்டிலேயே இனிப்பு திகட்டிவிடும்.

அன்னாசியைப் பற்றி ஓர் எச்சரிக்கை. வேகவைக்காத அன்னாசியில் புரதத்தை உடைக்கும் புரோமலெய்ன் என்ற நொதி இருக்கிறது. புதுப்பழத்தின் வட்டங்களை முந்தின இரவே ஹாமின் மேல் அடுக்கிவைத்தால், காலையில் அடியிலிருக்கும் இறைச்சி மாவாகக் குழைந்திருக்கும். கொதித்த சாற்றில் அந்த நொதி செயலிழந்துவிடுவதால் பூச்சில் சேர்ப்பதில் தவறில்லை. டின்னில் வரும் பழமும் அப்படித்தான்.

இப்போது எல்லாவற்றையும் தீர்மானிக்கும் கடைசி அரைமணி நேரம். பூச்சைத் தொடக்கத்திலேயே பூசிவிடத் தோன்றும், தோன்றத்தான் செய்யும். நானும் முதல் ஆண்டு அப்படிச் செய்து, இரண்டு மணி நேரம் கழித்து மேற்புறம் முழுவதும் கரியாகி, அதைச் சுரண்டி எடுத்துவிட்டு மேசைக்குக் கொண்டுபோனேன். கருப்பட்டியும் சர்க்கரையும் நீண்ட நேரச் சூட்டைத் தாங்காது. அன்னாசிச் சாற்றிலிருக்கும் பழச்சர்க்கரை ஏறக்குறைய 110 டிகிரியிலேயே நிறம் மாறத் தொடங்கிவிடும். ஆகவே ஹாமின் நடுப்பகுதி 50 டிகிரியை எட்டும்வரை பூச்சு பாத்திரத்திலேயே காத்திருக்க வேண்டும். அதன் பிறகு அலுமினியத் தாளை அகற்றி, ஓவனை 200 டிகிரிக்கு உயர்த்தி, முதல் பூச்சை மெல்லியதாகப் பூசுவேன். எட்டு நிமிடம் கழித்து இரண்டாவது, மீண்டும் எட்டு நிமிடம் கழித்து மூன்றாவது. ஒரே தடவையில் தடிமனாகப் பூசினால் அது வழிந்து தட்டில் தேங்கிக் கருகும். மெல்லிய பூச்சு ஒன்றன்மேல் ஒன்றாகக் காயும்போதுதான் கண்ணாடி போன்ற பளபளப்பு வரும். அந்த நேரத்தில் நான் சமையலறையை விட்டு நகர்வதில்லை. வாசல்மணி அடித்தாலும் கணவர்தான் போவார். ஒரு பக்கம் முந்திச் சிவந்தால் தட்டைத் திருப்பிவைக்கிறேன், காது போல நீட்டிக்கொண்டிருக்கும் ஓரங்களுக்குச் சிறு துண்டு அலுமினியத் தாளைத் தொப்பியாக வைக்கிறேன். கொழுப்புக் கட்டங்கள் ஒவ்வொன்றும் விளிம்பில் கருஞ்சிவப்பாகவும் நடுவில் தேன்நிறமாகவும் புடைத்து எழும்போது, மின்தூக்கியை விட்டு இறங்கும் விருந்தினருக்கே வாசனை தெரிந்துவிடும்.

வெளியே எடுத்ததும் இருபது நிமிடம் தொடாமல் வைக்க வேண்டும். அந்த இடைவெளியில் மற்ற உணவுகளை அடுக்குகிறேன். எங்கள் உறவில் பாதிப் பேர் இந்துக்கள், பெரியத்தை சைவம், என் மகளின் நெருங்கிய தோழி முஸ்லிம். ஹாமுக்கென்று தனிக் கத்தி, தனிப் பலகை, சாளரத்தோரம் தனி மேசை. தோழிக்கு ஹலால் கடையிலிருந்து வரும் உணவை அதன் பெட்டியிலேயே, எங்கள் பாத்திரம் எதிலும் மாற்றாமல் வைக்கிறோம். அத்தைக்குப் புளியோதரையும் அவியலும், வேலைகள் தொடங்கும் முன்பே அதிகாலையில் சமைத்து மூடிவைத்தவை. ஹாம் நடுமேசையில் இல்லாததால் அதன் சிறப்பு குறைந்ததாக நான் ஒருபோதும் நினைத்ததில்லை. விரும்புகிறவர்கள் எழுந்து போய் வாங்கிக்கொள்கிறார்கள். எலும்புக்குச் செங்குத்தாக மெல்லிய துண்டுகளாக அறுத்து, பிறகு எலும்பை ஒட்டிக் கத்தியை நீளவாக்கில் ஓட்டினால் எல்லாத் துண்டுகளும் ஒருசேர விடுபடும்.

உலகச் சுகாதார நிறுவனத்தின் அனைத்துலகப் புற்றுநோய் ஆய்வு அமைப்பு 2015இல் பதப்படுத்திய இறைச்சியைப் புற்றுநோய் உண்டாக்கும் பொருள்களின் வரிசையில் சேர்த்தது. அதைப் படித்த பிறகு வாராவாரம் ரொட்டிக்குள் வைக்கும் ஹாமை நிறுத்திவிட்டேன். கிறிஸ்துமஸ் ஹாமை நிறுத்த மனம் வரவில்லை, நிறுத்தவும் போவதில்லை.

மேசையில் இரண்டு மணி நேரத்துக்கு மேல் எதையும் விட்டுவைப்பதில்லை. மீந்ததைச் சிறு டப்பாக்களில் பிரித்துக் குளிர்பதனப் பெட்டியில் வைத்து, மூன்று நாளுக்குள் முடித்துவிடுகிறோம். இங்குள்ள, ஐரோப்பிய-ஆசியக் கலப்பு மரபில் வந்த யுரேஷியக் குடும்பங்கள் மறுநாள் அதைக் காய்ந்த மிளகாய், கடுகு, வினிகர் சேர்த்து டெபல் கறியாக்குவார்கள். கீழ்மாடியில் இருக்கும் சீனப் பாட்டி கடுகுக்கீரையும் புளியும் போட்டுச் சமைக்கிறார், ஆண்டுதோறும் ஒரு பங்கு அவருக்குப் போய், ஒரு கிண்ணமாகத் திரும்பி வருகிறது.

எலும்பு மட்டும் வீட்டை விட்டுப் போகாது. டிசம்பர் 26 காலையில் அம்மா அதை வாங்கிக்கொள்வார். பட்டாணிப் பருப்பு இரண்டு கோப்பையை ஊறவைத்து, எலும்போடு சேர்த்து மஞ்சளும் பூண்டும் போட்டுப் பருப்பு கரையும்வரை வேகவைத்து, எலும்பை எடுத்து ஒட்டியிருக்கும் இறைச்சியை விரலால் உதிர்த்து மறுபடி பருப்பில் சேர்த்து, கடுகும் சீரகமும் கறிவேப்பிலையும் தாளித்துக் கொட்டுவார். சுவை பார்க்கும்வரை உப்புப் போட மாட்டார்; பல ஆண்டுகளில் போடவே தேவைப்பட்டதில்லை. செம்பவாங்கிலிருந்து சைக்கிளில் வந்த எலும்பைப் பாட்டி செய்த விதம் இதுதான். குழைந்த சோற்றில் அதை ஊற்றி, சுட்ட அப்பளத்தோடு நாங்கள் சாப்பிட உட்காரும்போது, மகள் தன் கிண்ணத்தில் தப்பிக் கிடந்த ஒரு கிராம்பைக் கண்டுபிடித்து, என் அம்மாவின் தட்டோரத்தில் வைத்தாள்.